கிளடிஸ் வீட்டுச் சுவரில் ஓர் ஆணி

கிளடிஸ் அம்மையாருக்குப் பிள்ளைகள் ஐந்து. ரொறன்ரோவின் வோபர்னில், பதினோராம் மாடியில், அவருடைய வரவேற்பறைச் சுவரில் ஆணிகளும் ஐந்து. நான்கு ஆணிகளில் நான்கு கலியாணப் படங்கள் தொங்கின: மூத்த மகளும் கணவனும், இரண்டாவது மகனும் மனைவியும், நாலாவதாகப் பிறந்த மகளும் அவளை விட்டு ஓடிப்போன கணவனும், கடைசி மகனும் இன்னும் ஓடிப்போகாத மனைவியும். மிச்சமிருந்த ஆணியில் நடு மகன் எவர்டன், சதுரத் தொப்பியும் அங்கியுமாய்த் தன்னந்தனியே தொங்கினான். பள்ளிக்கூடம் முடித்த அன்று எடுத்த படம். அப்போது அவனுக்குப் பதினெட்டு. இப்போது, தொண்ணூற்றைந்தில், முப்பத்திரண்டு. பதினாலு வருடமாக அவன் அந்தச் சுவரில் பள்ளிக்கூடம் முடித்துக்கொண்டேயிருந்தான்.

ஓடிப்போனவனுக்குக்கூட அந்தச் சுவரில் இடம் இருக்கிறது என்பதுதான் எவர்டனுக்கு ஆறாத எரிச்சல். கார்லைல் எங்கேயும் ஓடவில்லை. ஆறு வருடமாக எவர்டனோடு ஒரே வீட்டில், ஒரே கட்டிலில் இருக்கிறான். ஒவ்வொரு நத்தார்ப் பண்டிகைக்கும், இடையிடையே ஞாயிறுகளிலும் கிளடிஸ் வீட்டுக்கு வந்து, ஆட்டுக்கறி சாப்பிட்டு, பாத்திரமும் கழுவிக் கொடுத்துவிட்டுப் போகிறான். கிளடிஸ் அவனை வருகிறவர்களுக்கு, "எவர்டன்ரை ரூம்மேற்" என்று அறிமுகம் செய்வார். அவர்கள் இருவரும் இருக்கும் வீட்டில் இருப்பதே ஓர் அறைதான் என்பது அவருக்குத் தெரியும். தெரிந்ததை யோசிக்காமல் இருப்பதில் அவர் கெட்டிக்காரி.

உயிர்த்த ஞாயிறன்று, தேவாலயப் பெண்கள் நாலைந்து பேர் சோபாவில் இருக்கும்போது எவர்டன் கேட்டுவிட்டான்.

"மம்மி, என்ரை ஆணியில நானும் கார்லைலும் நிக்கிற படத்தைப் போடுங்கோ."

கிளடிஸ் கேக் வெட்டுவதை நிறுத்தவில்லை. "இல்லாத படத்தை எப்பிடியடா போடுறது? கொண்டு வா, பாப்பம்."

பேச்சை முடிப்பதற்காகச் சொன்ன சொல் அது. எவர்டன் அதை வாக்குறுதியாக எடுத்துக்கொண்டான். ஜூன் மாதம் மூன்றாவது ஞாயிறு அம்மாவுக்கு அறுபதாவது பிறந்தநாள். குடும்பம் முழுக்க வரும். அன்றைக்குப் படம் அந்தச் சுவரில் இருக்கவேண்டும்.

படம் எடுக்க ஆள் தேடியதில்தான் அவனுக்குக் கோபம் தொடங்கியது. மாலில் இருந்த ஸ்ரூடியோவில் அவனுடைய மருமகனைப் பிடித்த படத்தை ஏற்கெனவே பார்த்திருந்தான். வெள்ளைச் சட்டையும் பல்லும் தெரிந்தன, கறுத்த பிள்ளையைக் காணவில்லை. ஆண்களை விரும்பும் ஆண்கள் கூடுகிற சேர்ச் ஸ்ட்ரீட்டில், 'எங்கடை ஆள்' என்று எல்லோரும் சொன்ன வெள்ளைக்காரப் படப்பிடிப்பாளர் ஒருவர் இருந்தார். அவர் இரண்டு பேரையும் சுற்றிவந்து பார்த்துவிட்டு, சட்டையைக் கழற்றச் சொன்னார். கையில் ஒரு மேளமும் தந்தார். கார்லைல் போஸ்ட் ஒபிஸில் கடிதம் பிரிக்கிறவன். வாழ்க்கையில் மேளத்தைத் தொட்டதில்லை. அதே தெருவில் ஞாயிறு பின்னேரம் நடன விடுதிக்குப் போனால், வாசற்காரன் வெள்ளைப் பெடியளைத் தலையசைத்து உள்ளே விட்டுவிட்டு இவர்களிடம் மட்டும் படம் போட்ட அடையாள அட்டை மூன்று கேட்பான். மூன்றையும் காட்டி உள்ளே போனால், "உங்கடை ஆக்கள் நல்லா ஆடுவினம்" என்பார்கள். எவர்டன் ஆடமாட்டான். கோபம் வந்தால் வெங்காயம் வெட்டுவான். அந்த மே மாதம் அவன் வேலை செய்யும் உணவகத்தில் வெட்டின வெங்காயம் மிஞ்சிக் கிடந்தது.

கடைசியில் அம்மாவின் கட்டடத்துக்குக் கீழே, பிளாசாவில் இருந்த தமிழ் ஸ்ரூடியோ அவன் கண்ணில் பட்டது. பலசரக்குக் கடைக்கும் நகைக்கடைக்கும் நடுவில். கண்ணாடிக்குள்ளே மணப்பெண்கள் வரிசையாகச் சிரித்தார்கள். 'இவையும் கறுப்பு ஆக்கள்தானே, கறுப்பு முகத்துக்கு லைற் பிடிக்கத் தெரியும்' என்று எவர்டன் கணக்குப் போட்டான். கணக்கில் பிழையில்லை. கண்ணாடிக்குள் இருந்த பெண்கள் எல்லோரும் ஏன் சந்தன நிறமாக இருக்கிறார்கள் என்பதை மட்டும் அவன் யோசிக்கவில்லை.

கறுப்பினத்தவனான எவர்டனுக்குத் தமிழ் தெரியும் என்பதை இங்கே சொல்லிவிட வேண்டும். டவுன்டவுனில் இத்தாலியப் பெயர்ப் பலகை தொங்கும் அந்த உணவகத்தின் சமையலறையில், கோப்பை கழுவுவது முதல் சோஸ் காய்ச்சுவது வரை எல்லோரும் யாழ்ப்பாணத்தார். எவர்டன் ஒன்பது வருடம் அவர்களுக்கு நடுவில் நின்றிருக்கிறான். நீக்கிலாஸ் என்ற சமையல்காரர் முதல் கிழமையில் அவனுக்குத் தூசணச் சொற்கள் முழுவதையும் சொல்லிக்கொடுத்தார். மிச்சத் தமிழுக்கு இரண்டு வருடம் பிடித்தது.

சனிக்கிழமை காலை இரண்டு பேரும் ஸ்ரூடியோவுக்குள் நுழைந்தார்கள். எவர்டன் சாம்பல் நிறக் கோட்டு. கார்லைல் ஊதா வெல்வெற் ஜக்கெற், இடது காதில் தோள் தொடுகிற அளவுக்கு ஒரு பொன் தோடு. பார்படோஸில் தகப்பன் வீட்டு வாசலில் அந்தத் தோட்டைக் கழற்றிக் கழற்றிச் சட்டைப் பைக்குள் போட்டே வளர்ந்தவன் அவன். ரொறன்ரோவில் விமானம் இறங்கிய அன்று மாட்டினான். அதற்குப் பிறகு யாருடைய வாசலிலும் கழற்றவில்லை. கிளடிஸ் வீட்டில் மட்டும், எவர்டன் கெஞ்சிக் கேட்டதால், குளிர்தொப்பியைக் காதுவரை இழுத்துவிட்டுக்கொண்டு சாப்பிடுவான்.

முதலாளி யேசுரட்ணம் கழுத்துப்பட்டியோடு எழுந்து நின்று, ஆங்கிலத்தில் வரவேற்றுவிட்டு, உள்ளே திரும்பித் தமிழில் சொன்னார்:

"பிள்ளை கௌசி, ரெண்டு காப்பிலியள் வந்து நிக்கினம். மேசையில இருக்கிற கமராவை உள்ளுக்கை எடுத்து வை."

உள்ளே படங்களைத் திருத்திக்கொண்டிருந்த கௌசி தலையை நீட்டினாள். "சும்மா இருங்கோ அங்கிள். காலமை முதல் கஸ்ரமர்."

"தமையனும் தம்பியும் போலக் கிடக்கு. அந்த நெட்டையன் ஏன் பொம்பிளையள் மாதிரித் தோடு போட்டிருக்கிறான்?"

"உது ஸ்ரைல் அங்கிள்."

"என்ன கதைக்கினம்?" என்று கார்லைல் எவர்டனிடம் கேட்டான்.

"நீ நல்ல உயரமாம்," என்றான் எவர்டன். கறுப்பரை இகழ்கிற 'காப்பிலி' என்ற சொல் அவனுக்கு நன்றாகவே விளங்கியது; ஆனால் படம் வேண்டும். ஞாயிறுக்கு இன்னும் எட்டு நாள்தான் இருந்தது. நாக்கைப் பல்லுக்குள் வைத்துக்கொண்டு, நீக்கிலாஸ் கற்றுக்கொடுத்த முதற் கிழமைப் பாடத்தை மனதுக்குள் ஒருமுறை முழுதாகச் சொல்லி முடித்தான்.

யேசுரட்ணம் பவுடர் டின்னை நீட்டினார். வேண்டாம் என்றார்கள். அவர் வருத்தப்பட்டார். நீர்வீழ்ச்சித் திரையை இறக்கினார், பிறகு அதைச் சுருட்டிவிட்டு வெறும் நீலத்தை இறக்கினார். லைற்றுக்களை முன்னே இழுத்து, பின்னே தள்ளி, குந்தி, எழும்பி, அரை மணித்தியாலம் பாடுபட்டார். தொழில் தெரிந்த மனிதர், அதில் குறை சொல்ல ஒன்றுமில்லை. இரண்டு பேரும் ஒரு முழம் இடைவெளி விட்டு நிற்பதைப் பார்த்ததும் அவருக்குப் பொறுக்கவில்லை. போய்க் கார்லைலின் கையைப் பிடித்து, எவர்டனின் கைக்குள் வைத்து, விரல்களை விரல்களுக்குள் கோத்துவிட்டார்.

"அண்ணன் தம்பியெண்டால் உப்பிடியெல்லோ நிக்கவேணும்," என்று கௌசிக்குத் தமிழில் விளக்கினார். "விலத்தி நிண்டால் காணிச் சண்டை எண்டு சனம் நினைக்கும்." பிறகு ஆங்கிலத்தில் அதட்டினார்: "இறுக்கிப் பிடியுங்கோ!"

ஆறு வருடமாக ரொறன்ரோத் தெருக்களில் அந்த இரண்டு கைகளும் தங்கள் தங்கள் பொக்கற்றுக்குள்தான் இருந்தன. அவர்கள் இறுக்கிப் பிடித்தார்கள். கார்லைல் சிரித்தான். யேசுரட்ணம் படத்தை அடித்தார்.

செவ்வாய்க்கிழமை எவர்டன் உணவகத்திலிருந்து ஸ்ரூடியோவுக்குப் போன் எடுத்தான். மூன்று நாளாக யோசித்து வைத்திருந்த விஷயம். அம்மா ஓர் ஆணைத் தாங்கிக்கொள்வா. ஒரு தோட்டையும் தாங்கிக்கொள்வா. இரண்டையும் ஒரே நாளில், ஒரே சட்டத்துக்குள், பாஸ்டருக்கு முன்னால் தாங்கமாட்டா.

"படத்தில இருக்கிற தோட்டை எடுக்கலாமோ?" என்று ஆங்கிலத்தில் கேட்டான்.

"எடுக்கலாம்," என்றாள் கௌசி. "அவருக்குத் தெரியுமோ?"

"தெரியும்," என்றான் எவர்டன். பொய். போனை வைத்துவிட்டு அரை மூட்டை வெங்காயம் வெட்டினான். இந்த முறை யாரில் கோபம் என்று அவன் தன்னைக் கேட்டுக்கொள்ளவில்லை.

அடுத்த சனிக்கிழமை படம் எடுக்கத் தனியே போவதாகத்தான் இருந்தான். கார்லைலும் வருவேன் என்று நின்றான். யேசுரட்ணம் சட்டமும் போட்டு, பழுப்புத் தாளில் சுற்றி வைத்திருந்தார். மேசையில் வைத்து, பிறந்த பிள்ளையைக் காட்டுவதுபோல் மெதுவாகத் தாளை விலக்கினார்.

படத்தில் யாரோ இருவர் நின்றார்கள். எவர்டனின் கோட்டை ஒருவன் போட்டிருந்தான், கார்லைலின் ஜக்கெற்றை இன்னொருவன். இரண்டு பேருக்கும் முகம் பால் கூடிய தேத்தண்ணி நிறம். கழுத்து ஒரு நிறம், கை இன்னொரு நிறம். கார்லைலின் மூக்குகூடக் கொஞ்சம் ஒடுங்கியிருந்தது.

"கலர் குடுத்திருக்கு," என்றார் யேசுரட்ணம் ஆங்கிலத்தில், பெருமையோடு. "ஃப்ரீ."

எவர்டனுக்குள் ஒன்பது வருடம் அடுக்கி வைத்திருந்த தமிழ் முழுவதும் ஒரேயடியாக வெளியே வந்தது.

"ஆரைக் கேட்டு எங்களுக்கு வெள்ளையடிச்சனீங்கள்? என்ரை மூஞ்சி என்ன, உங்கடை வீட்டு மதிலே? அவன்ரை மூக்கு உங்களுக்கு என்ன செய்தது? கத்தி மாதிரி ஒரு மூக்கைக் கொண்டுவந்து அவன்ரை முகத்தில ஒட்டியிருக்கிறியள்! போன கிழமை காப்பிலி எண்டு சொன்னனீங்கள், கமராவை ஒளிக்கச் சொன்னனீங்கள். எல்லாத்தையும் கேட்டுக்கொண்டு கல்லு மாதிரி நிண்டனான். ஏன்? படம் வடிவா வருமெண்டு!"

யேசுரட்ணம் கதிரையைத் தடவிப் பிடித்து இருந்தார்.  கடைசியில் அவருக்குக் கேட்கத் தெரிந்த ஒரே கேள்வி வந்தது:

"தம்பி... ஊரிலை எவடம்?"

"கிங்ஸ்ரன்!" என்று கத்தினான் எவர்டன்.

"உப்பிடி ஒருத்தரும் என்னைப் பேசினதில்லை," என்றார் யேசுரட்ணம். "எங்கடை சனம் மன்றாடிக் கேக்கிற விஷயம் இது. இருட்டறையில முகத்துக்கு மேலை மட்டையைப் பிடிச்சு, வெளிச்சத்தை மறைச்சு, எவ்வளவு வேலை தெரியுமே! வாசல்ல தொங்கிற பிள்ளையளைப் பாக்கேல்லையே நீர்?"

"அதில சிவப்புச் சீலை கட்டினது நான்," என்றாள் உள்ளிருந்து வந்த கௌசி. எவர்டன் வாசல் கண்ணாடியில் இருந்த படத்தைப் பார்த்தான், அவளைப் பார்த்தான். அவனைவிட அவள் ஒரு பிடி கறுப்பு. சிவப்புச் சீலைக்காரி வேறு யாரோ. "லண்டன் மாப்பிள்ளைக்கு அனுப்பின படம். எயார்போட்டில அவர் என்னைக் கடந்துபோய் வேறை ஒரு பொம்பிளைக்குப் பூ நீட்டினவர்."

"உதை ஏன் இப்ப கஸ்ரமருக்குச் சொல்லுறாய்?" என்றார் யேசுரட்ணம். பிறகு அவருக்கு ஓர் ஆயுதம் நினைவுக்கு வந்தது. மேசை லாச்சியைத் திறந்து ஓடர் உறையை எடுத்தார். "சரி, கலர் நான் கேக்காமல் செய்தது. ஒப்புக்கொள்ளுறன். தோட்டை எடுக்கச் சொல்லி ஆர் சொன்னது? நீர்தானே செவ்வாய்க்கிழமை போன் எடுத்தனீர்? இந்தா, எழுதிக் கிடக்கு!"

கார்லைலுக்கு இதுவரை ஒரு சொல்லும் விளங்கவில்லை. அவன் எவர்டன் தமிழில் கத்துவதை ரசித்துக்கொண்டிருந்தான். யேசுரட்ணம் நீதிக்காக அவன் பக்கம் திரும்பி, ஆங்கிலத்தில், தன் காதைத் தொட்டுக்காட்டிச் சொன்னார்: "இவர்தான் சொன்னவர். போனில. தோடு வேண்டாம் எண்டு."

கார்லைல் குனிந்து படத்தைப் பார்த்தான். நிறத்தைப் பார்த்த அவசரத்தில் காதை அவன் பார்த்திருக்கவில்லை. இப்போது பார்த்தான். காது சுத்தமாக இருந்தது. கௌசி நல்ல வேலைக்காரி.

"கார்லைல், அம்மாவுக்காகத்தான்..."

"அந்தாள் கேக்காமல் செய்தது," என்றான் கார்லைல். குரல் உயரவில்லை. "அந்தாளுக்கு நாங்கள் ஆரெண்டே தெரியாது. நீ போன் எடுத்துச் செய்விச்சிருக்கிறாய். ஆறு வருசம் உன்ரை அம்மா வீட்டில ரூம்மேற்றா இருந்தன். யூலை மாசத்திலயும் தொப்பி போட்டுக்கொண்டு சாப்பிட்டன். அப்பவும் உனக்கு நான் கூடிப்போனன், என்ன?"

எவர்டன் பழுப்புத் தாளை இழுத்துப் படத்தை மூடினான். 

"நாளைக்கு நான் வரேல்லை. படம் போகட்டும். நான் முழுசா அந்த வீட்டுக்குள்ள போற நாள் வருமோ எண்டு பாப்பம்." கார்லைல் கதவைத் திறந்து பஸ் தரிப்புக்கு நடந்தான்.

"தம்பி ஏன் கோவிச்சுக்கொண்டு போறார்?" என்று யேசுரட்ணம் கேட்டார்.

"அவன் என்ரை தம்பி இல்லை," என்றான் எவர்டன். "நானும் அவனும் ஆறு வருசமாக் குடும்பம் நடத்திறம்."

யேசுரட்ணம் சுவரில் இருந்த யேசுநாதர் கலண்டரைப் பார்த்தார். அங்கிருந்து உதவி வரவில்லை. கௌசிதான் கேட்டாள், மெதுவாக:

"அண்ணை, எங்கடை ஆக்கள் ஆள் செத்தாத்தான் தோட்டைக் கழட்டுவிக்கிறது. குடும்பம் நடத்திற ஆளின்ரை தோட்டை ஏன் அழிக்கச் சொன்னனீங்கள்?"

வெட்டுவதற்கு அங்கே வெங்காயம் இருக்கவில்லை. எவர்டன் மேசை விளிம்பைப் பிடித்துக்கொண்டு நின்றான். கத்துவதற்கு ஆள் தேடினான். அதற்கு மிஞ்சியிருந்தது அவன் மட்டும்தான்.

"பிலிம் இருக்குத்தானே," என்றான் கடைசியில். "ஒண்டும் செய்யாமல், ஒண்டையும் தொடாமல், கமரா கண்டபடி அடிச்சுத் தாங்கோ."

"அடிக்கலாம். ஆனால் கீழே ஸ்ரூடியோப் பேர் போடமாட்டன்," என்றார் யேசுரட்ணம். "ஊரிலையும் இங்கையுமா இருபத்தேழு வருசத்துப் பேர். இருட்டாப் படம் எடுக்கிறான் எண்டு சனம் சொல்லும். அதோடை... நீர் சொன்ன மற்ற விஷயமும் இருக்கு. அது பாவம்."

ஒரு மணித்தியாலத்தில் கௌசி ஈரப் படத்தைக் கொண்டுவந்து வெளிச்சத்தில் பிடித்தாள். முகமும் கழுத்தும் கையும் ஒரே ஆளுடையவை. கார்லைலின் நெற்றி கறுத்து மினுங்கியது. மூக்கு தன் இடத்துக்கு, தன் அகலத்தில், திரும்பி வந்திருந்தது. தோட்டில் ஒரு பொட்டு வெளிச்சம் தெறித்துக்கொண்டு நின்றது. விரல்கள் எது யாருடையது என்று பார்த்தவுடனே சொல்ல முடியாதபடி கோத்துக் கிடந்தன.

யேசுரட்ணம் மூக்குக்கண்ணாடியை ஏற்றி, இறக்கி, வெகுநேரம் பார்த்தார். பிறகு லாச்சிக்குள் கையை விட்டுத் தன் பேர் முத்திரையை எடுத்தார்.

"பாவமெண்டு சொன்னியள்?" என்றாள் கௌசி.

"பாவம் வேறை, லைற்றிங் வேறை," என்று சொல்லிவிட்டு, படத்தின் மூலையில் ஓங்கி ஒரு குத்துக் குத்தினார்.

ஞாயிறு மத்தியானம் கிளடிஸ் வீட்டில் நாற்பது பேர் இருந்தார்கள். எவர்டன் படத்தை அம்மாவின் மடியில் வைத்தான். கிளடிஸ் கையைத் துடைத்துக்கொண்டு தாளைப் பிரித்தார்.  பாஸ்டர் தன் கோப்பைக்குள் எதையோ தேடத் தொடங்கினார்.

"படத்தில நீ நல்லா விழுந்திருக்கிறாய்," என்றார் கிளடிஸ். கட்டைவிரலால் கார்லைலின் முகத்தை மூடிக்கொண்டு இன்னொருமுறை பார்த்தார். "நல்ல வடிவு. கடைக்காரன் இதைப் பாதியா வெட்டித் தரமாட்டானோ?"

"எந்த இடத்தால வெட்டுறது மம்மி? காட்டுங்கோ."

கிளடிஸ் கண்ணாடியில் நகத்தை வைத்து, நடுவால் மேலிருந்து கீழே இழுத்துவந்தார். நகம் கைகளில் வந்து நின்றது. கொஞ்சம் இடப்பக்கம் போனார், மகனின் பக்கத்தில் கார்லைலின் விரல்கள் கிடந்தன. வலப்பக்கம் போனார், மகனின் கை மணிக்கட்டோடு போயிற்று. நகம் அந்த இடத்திலேயே முன்னும் பின்னும் அலைந்தது.

"பின்னுக்கு மடிச்சு வைச்சாத் தெரியாது," என்றான் கடைசித் தம்பி, உதவி செய்கிறவனாக.

"நீ உன்ரை மனிசியை மடி!" என்றான் எவர்டன். "மம்மி, மற்றவையின்ரை படத்தில ஒருத்தரையும் நீங்கள் வெட்டேல்லை. ஓடிப்போனவன்கூட அங்கை முழுசா நிண்டு சிரிக்கிறான்! நேற்றுவரைக்கும் நானே இவனைக் கொஞ்சம் கொஞ்சமா வெட்டித்தான் உங்களிட்டைக் கொண்டுவந்தனான். தொப்பியால மூடி, தோட்டைக் கழட்டுவிச்சு. இனி வெட்டுறதுக்கு ஒண்டுமில்லை. முழுசாப் போடுறியளோ, இல்லையோ?"

 கிளடிஸ் கேக் எங்கே என்று கேட்டார்.

எவர்டன் சுவருக்குப் போனான். சதுரத் தொப்பிப் பையனை ஆணியிலிருந்து கழற்றினான். பதினாலு வருட வெயில் படாத சுவர், அந்த இடத்தில் மட்டும் புதிதாக, சதுரமாக, வெளுத்துத் தெரிந்தது.

"அதை ஏன் எடுக்கிறாய்? அது என்ரை படம்!"

"அதில நிக்கிற பெடியன் என்ரை ஆள். கூட்டிக்கொண்டு போறன்."

இரண்டு சட்டங்களையும் கமக்கட்டுக்குள் வைத்துக்கொண்டு வெளியேறினான். அக்கா லிஃப்ற் வரை ஓடிவந்து, ஆட்டுக்கறியை ஒரு டப்பாவில் போட்டு நீட்டினாள். அதை வாங்கிக்கொண்டான். கோபம் வேறு, அம்மாவின் ஆட்டுக்கறி வேறு.

வீட்டில் கார்லைல் கதவைத் திறந்து, முதலில் படத்தில் காதைப் பார்த்தான். பிறகு டப்பாவைப் பார்த்தான்.

"இன்னும் கோவம்தான்," என்று சொல்லிவிட்டு, ஒரு கரண்டி எடுத்துவரப் போனான். படத்தைச் சோபாவுக்கு மேலே கொழுவும்போது மட்டும் வந்து, இடப்பக்கம் கொஞ்சம் தூக்கச் சொன்னான்.

புதன்கிழமை பின்னேரம் கிளடிஸ் போன் எடுத்தார்.

"வாற சனமெல்லாம் அந்த வெளுத்த இடத்தைத்தான் பாக்குதுகள். படம் எங்கையெண்டு கேக்குதுகள்."

"என்ன சொன்னியள்?"

"கழுவக் குடுத்திருக்கு எண்டு சொன்னன்."

"கழுவி வந்திட்டுது மம்மி. சோபாவுக்கு மேலை தொங்குது. ரெண்டு பேர் நிக்கினம்."

 கிளடிஸ் கேட்டார்: "வாற ஞாயிறு அவன் சாப்பிட வந்தால், அந்தத் தோட்டைக் கழட்டிப்போட்டு வருவானோ?"

போன கிழமையென்றால் எவர்டன் ஓம் என்றிருப்பான். பிறகு தொப்பி தேடியிருப்பான்.

"அது அவன்ரை காது. அவனைக் கேளுங்கோ," என்று சொல்லிப் போனைக் கார்லைலிடம் நீட்டினான்.

கார்லைல் கையைத் துடைத்துவிட்டு வாங்கினான். கேட்டுக்கொண்டு நின்றான். "இல்லை, மிஸ் கிளடிஸ்," என்றான். இன்னும் கொஞ்சம் கேட்டான். "இல்லை. தொப்பியும் இல்லை." பிறகு போனை வைத்தான்.

"என்ன சொன்னா?"

"வைச்சிட்டா," என்றான் கார்லைல். "வைக்க முதல், ஆணியை இன்னும் பிடுங்கேல்லை எண்டு சொன்னா."